மூட்டைக்கு மூணு லிட்டர்

"இன்னைக்கு அந்த வழியை அடைக்கலைன்னா, நான் அவனுக்கு அண்ணனே இல்லை!"

மூன்றாவது கான்கிரீட் மூட்டையைப் பிரித்தபடி கணவர் சபதம் போட்டார். மனைவி பாத்திரம் துலக்கியபடியே காதைத் தீட்டிக்கொண்டாள்.

அண்ணன் வீட்டுக்கும் தம்பி வீட்டுக்கும் நடுவே, கொல்லைப்புறச் சுவரில் ஒரு ஆள் நுழையும் இடைவெளி. அங்கே இரும்புக் கம்பம் நட்டு வலை கட்டிவிட்டால் போக்குவரத்து முடிந்தது. வாசல் வழியாகப் போகலாமே என்றால், இரண்டு வாசலும் வேறு வேறு தெருவில்.

பெரிய சொத்துச் சண்டை ஒன்றும் இல்லை. மூன்று மாதத்துக்கு முன் உறவுக்காரர்கள் கூடியிருந்த இடத்தில், தம்பி வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்காமல், "எங்க அண்ணன் ஆணி அடிச்சா சுவர்தான் விழும், ஆணி நிக்காது" என்று சொல்லிவிட்டான். அன்றோடு பேச்சு நின்றது.

ஆண்கள் பேசாவிட்டால் குடி முழுகிவிடாது. ஓரகத்திகள் பேசாமல் ஒரு பொழுது போகுமா?

"அக்கா, இந்த வழியை அடைச்சிட்டா நான் யார்கிட்ட வந்து என் வீட்டுக்காரரைத் திட்டுவேன்?" சின்னவள் கண் கலங்கினாள். பெரியவள் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"பயப்படாதே. நான் பார்த்துக்கறேன்."

பார்த்துக்கொண்டாள். கணவர் தண்ணீரை அளந்து ஊற்றிக் கலக்கி வைத்துவிட்டு, கம்பம் நேராக நிற்கிறதா என்று பார்க்கும் ரசமட்டத்தை எடுக்க உள்ளே போவார். அந்த நேரம் பார்த்து ஒரு ஜக்குத் தண்ணீர் கலவைச் சட்டிக்குள் போகும். அவ்வளவுதான்.

முதல் கம்பம் மறுநாளே ஆடியது. தம்பி இடைவெளி வழியாக வந்து, ஒற்றை விரலால் அசைத்துப் பார்த்தான்.

"என்னண்ணே, பால் பல்லா?"

மூன்று மாதத்தில் அவன் பேசிய முதல் வார்த்தை. அண்ணன் முகம் சிவந்து உள்ளே போய்விட்டார்.

இரண்டாவது கம்பம் வலை கட்டும்போதே சாய்ந்தது. தம்பி மறுபடி வந்தான். இந்த முறை அரை மணி நேரம் நின்று சிரித்துவிட்டுப் போனான்.

இன்று மூட்டை கொண்டுவந்த கடைக்காரருக்கே பொறுக்கவில்லை.

"சார், மூட்டைக்கு மூணு லிட்டர். அதுக்கு மேல ஒரு சொட்டு கூடாது. கையில அள்ளிப் பிடிச்சா உருண்டையா நிக்கணும். ஒழுகுச்சுன்னா பலமே இருக்காது."

கணவர் முதல் முறை கேட்பவர் போல் தலையாட்டினார். வாளியில் கோடு பார்த்து மூன்று லிட்டர் அளந்தார், ஊற்றினார், கலக்கினார். அள்ளிப் பிடித்தார். உருண்டை கச்சிதமாக நின்றது. கடைக்காரர் திருப்தியோடு கிளம்பினார்.

மனைவி உள்ளே ஓடித் தண்ணீர் மொண்டாள். ஜக்கோடு பின்கதவு ஓரம் நின்றாள். ரசமட்டம் எடுக்க அவர் உள்ளே வரவேண்டும். வரவில்லை.

மெல்ல எட்டிப் பார்த்தாள்.

கணவர் இடப்பக்கம் பார்த்தார். வலப்பக்கம் பார்த்தார். பிறகு இன்னொரு வாளியிலிருந்த தண்ணீரை மடமடவென்று சட்டியில் கவிழ்த்தார்.

"என்னங்க!"

திடுக்கிட்டுத் திரும்பினார். அவள் முகத்தைப் பார்த்தார். கையிலிருந்த ஜக்கைப் பார்த்தார்.

"அடிப்பாவி, நீயும்தானா? நான் ஒரு லிட்டர் அதிகமா ஊத்தினதுக்கா இப்படிப் பொலபொலன்னு உதிருதுன்னு நான் மண்டையை உடைச்சுக்கிட்டிருக்கேன்!"

அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. கூடவே ரோஷமும் வந்தது.

"உங்க தம்பி விழுந்து விழுந்து சிரிக்கிறாரே, உங்களுக்கு வெட்கமா இல்லையா?"

கம்பத்தைக் குழியில் இறக்கியபடி அவர் சொன்னார்:

"சிரிக்கட்டுமே. சிரிக்கறதுக்காவது இந்தப் பக்கம் வர்றான்ல?"