பீரோவுக்கு அந்தப் பக்கம்

விருந்தாளிகள் முன்னால் "என் தங்கச்சிக்கு ரசம் வைக்கவே வராது" என்று அக்கா தர்ஷினி சொல்லிச் சிரித்ததில் தொடங்கியது சண்டை. ஒரே வீட்டில் அவளோடு இருக்கும் எழுபது வயதுத் தங்கை யாழினிக்குப் பொறுக்கவில்லை. நாலு நாள் பேசாமல் இருந்துவிட்டு, பாளையங்கோட்டைக் குடியிருப்பில் வீட்டுக்கு வீடு மாட்டியிருந்த, பேசும் சமாதானப் பெட்டியிடம் முறையிட்டாள். அது தீர்ப்புச் சொல்லாது. இதே காரியத்தை உலகத்தில் முன்பு யார் செய்தார்கள், என்ன ஆயிற்று என்று மட்டும் சொல்லும்.

"அதே ஆட்கள் முன்னால அவ எங்கிட்ட மன்னிப்புக் கேக்கணும்."

"1919, வெர்சாய் ஒப்பந்தம். தோற்ற ஜெர்மனியைத் தலைகுனிய வைத்தார்கள். இருபதே ஆண்டில் அடுத்த உலகப் போர்."

யாழினி அந்த யோசனையைக் கைவிட்டாள். மூச்சு வாங்க பீரோவை நகர்த்திக்கொண்டு வந்து கூடத்தின் நடுவில் நிறுத்தினாள்.

"இனி அவ அந்தப் பக்கம், நான் இந்தப் பக்கம். இதுக்கு என்ன சொல்லுத?"

"1961, பெர்லின். ஒரே ஊருக்கு நடுவில் சுவர். இருபத்தெட்டு ஆண்டுகள் நின்றது."

பீரோவுக்கு அந்தப் பக்கமிருந்து அக்காவின் குரல் கேட்டது.

"இருபத்தெட்டு வருசமா? எனக்கு இப்பமே எழுபத்தஞ்சு ஆச்சேட்டி. அம்புட்டு நாள் உன் ரசத்தைக் குடிக்காம நான் எப்படி இருப்பேன்?"

பீரோ லேசாக ஆடியது. போன மாதம்தான் முட்டியில் அறுவைசிகிச்சை செய்துகொண்ட அக்கா, அந்தப் பக்கம் நின்று அதைத் தள்ளிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தள்ளாதக்கா, முட்டி போயிரும்!" என்று யாழினி பதறினாள். "அங்கனயே நில்லு. இது வெறும் பீரோதான, நான் சுத்தி வாரேன்."