விலா வழியே

அவன் பறவையை இறுக்கிப் பிடித்திருந்தான்.

துடிப்பதை அடக்கினால் போதும் என்று நினைத்துவிட்டான்.

“நெஞ்ச அமுக்காதீங்கண்ணா,” என்றாள் அவள். “மூச்சு நின்னுரும்.”

நமக்கு மூச்சை இழுத்துத் தரும் உதரவிதானம் என்ற தசை பறவைக்குக் கிடையாது. மார்பெலும்பு ஏறி இறங்கினால்தான் காற்று உள்ளே போகும்.

குமரகுரு விரல்களைத் தளர்த்தினான். கோவையில் பெயர்பெற்ற மயக்க மருந்து நிபுணன். இருபது வருடங்களாக மனிதர்களின் தொண்டைக்குள் குழாய் இறக்கி உயிரைப் பிடித்து வைப்பவன்.

அவள் அவனுடைய தங்கை அரசி. பறவைகளுக்கு மட்டும் வைத்தியம் பார்க்கும் கால்நடை மருத்துவர். ‘குருவி வைத்தியம்’ என்று கேலி பேசுகிறவன், அவளுடைய கிளினிக்குக்குள் வந்தது இதுதான் முதல் தடவை.

மேசையில் அவன் மகள் வளர்க்கும் காக்கட்டீல், கொண்டை வைத்த சின்னக் கிளி. ஒரு தினை அதன் மூச்சுக்குழாய்க்குள் போய் அடைத்துக்கொண்டிருந்தது. அலகு திறந்தே கிடந்தது. ஒவ்வொரு மூச்சுக்கும் வால் தூக்கிப் போட்டது. இளஞ்சிவப்புக் கால்கள் நீலம் பாரித்திருந்தன.

மகள் வெளியே காரில் அழுதுகொண்டிருந்தாள்.

தொண்டையில் குழாய் போட்டுவிடலாம் என்றான். அடைப்பே அங்கேதான் என்றாள்.

அவனுக்கு வேறு வழி தெரியவில்லை.

அவள் பறவையைப் பக்கவாட்டில் கிடத்தினாள். கடைசி விலா எலும்புக்குப் பின்னால் இறகுகளை விலக்கினாள். மரப்பு மருந்து. ஒரு சின்னக் கீறல்.

வயிற்றுக்குள்ளா என்று பதறினான்.

காற்றுப்பைக்குள் என்றாள். கை வேலையில் இருக்க, வாய் சொல்லிக்கொண்டே போனது. நமக்கு நுரையீரலே விரிந்து சுருங்குகிறது. இதற்கு நுரையீரல் அசைவதே இல்லை. சுற்றியிருக்கும் பைகள்தான் துருத்திபோல் காற்றை அதற்குள் தள்ளுகின்றன. பைக்குள் காற்று நுழைந்தால் போதும், நுரையீரலுக்குப் போய்விடும்.

குழாய் உள்ளே போனது.

ஒன்றும் நடக்கவில்லை.

குழாயின் முனையில் ஒரு பஞ்சிழையைப் பிடித்தாள்.

இழை உள்ளே இழுபட்டது.

வெளியே ஊதப்பட்டது.

மறுபடியும்.

பறவை அலகை மூடிக்கொண்டது. தொண்டை இன்னும் அடைத்துத்தான் இருந்தது. கால்களில் மட்டும் மெல்ல நிறம் திரும்பியது.

அவன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, குனிந்து அந்த இழையையே பார்த்தான்.

இனி தினையை எடுக்க வேண்டும். அதற்கு மயக்கம் கொடுக்க வேண்டும். அதையும் அந்த விலாக் குழாய் வழியாகவே கொடுக்கலாம் என்று சொல்லி, மயக்க இயந்திரத்தைக் காட்டினாள்.

அவன் அதன் முன் போய் நின்றான். திருகில் கை வைத்தான். தினமும் திருகுவதுதான்.

திருப்பவில்லை.

“எவ்வளவு வெக்கட்டும் அம்மிணி?”

அவள் அளவைச் சொன்னாள்.

குரல் சாதாரணமாக இருக்கும்படி பார்த்துக்கொண்டாள்.