இருபத்து நாலாவது பாக்கெட்

"ஏம்மா, மூச்சு விட்டுட்டு எடுங்க. யாரும் பிடுங்கிட்டுப் போயிட மாட்டாங்க!" என்றார் கடைக்காரர்.

அந்தப் பெண் காதில் வாங்கவில்லை. அலமாரியிலிருந்த ஓட்ஸ் பிஸ்கட் பாக்கெட்டுகளை இரண்டு கையாலும் வழித்துப் பைக்குள் போட்டாள். 'சர்க்கரை இல்லை, வேர்க்கடலை இல்லை' என்று கொட்டை எழுத்தில் போட்டு, காலையில்தான் வந்து இறங்கிய சரக்கு. உடம்பு இளைக்கிற ஆசை ஒரு ஆளை இந்தப் பாடா படுத்தும் என்று அவருக்குச் சிரிப்பு வந்தது.

"வீட்டுல எல்லாருக்கும் டயட்டா?"

"பெட்டிக்கு இருபத்து நாலு. இருபத்து மூணுதான் இருக்கு. இன்னொண்ணு எங்கண்ணே?"

"ஒண்ணு குறைஞ்சா இளைக்க மாட்டீங்களா? என் பொண்ணு ஸ்கூலுக்கு எடுத்துட்டுப் போயிட்டா. பாவம், அவளுக்கு வேர்க்கடலை ஆகாது. துளி பட்டாலும் மூச்சு அடைச்சுக்கும். இதுலதான் அது இல்லையேன்னு நானே குடுத்து அனுப்பினேன்."

பை அவள் கையிலிருந்து நழுவி விழுந்தது.

"இன்டர்வெல் எத்தனை மணிக்கு?"

"பத்தரைக்கு. ஏம்மா?"

சுவர்க் கடிகாரத்தில் மணி பத்து இருபது.

"ஸ்கூலுக்குப் போன் போடுங்கண்ணே! அந்த பிஸ்கட்டைத் தொட வேண்டாம்னு சொல்லுங்க!" கல்லா மேலிருந்த போனை எடுத்து அவரிடம் நீட்டினாள். "ஃபேக்டரியில பேக்கிங் மெஷின் என் பொறுப்பு. நேத்து வேர்க்கடலை பிஸ்கட் ஓடி முடிஞ்சதும், ஆர்டர் அவசரத்துல மெஷினைக் கழுவாமலே இந்த ஓட்ஸ் பிஸ்கட்டை ஓட்டிட்டேன். அதுல வந்த முதல் பெட்டி இதுதான்."