பணிப்பெண் வெளியேறும் காட்சி

“இது பொம்மை மாதிரி இருக்கு,” என்று மணிலாவிலிருந்து வந்திருந்த இயக்குநர் டானிலோ போலிக் கடப்பிதழைத் தூக்கி எறிந்தார்.

முதலாளி பூட்டிவைத்த கடப்பிதழை எடுத்துக்கொண்டு பணிப்பெண் டாக்சியில் ஏறிப்போவதுதான் படத்தின் இறுதிக் காட்சி. இன்று எடுக்காவிட்டால் படம் விழாவுக்குப் போகாது.

“நடிகைக்கு வேற காய்ச்சல் சார்,” என்றாள் உதவியாளர் லோஷினி.

“முதுகுதானே தெரியப்போவுது? ஆளும் இருக்கு, அசல் பாஸ்போர்ட்டும் இருக்கு லா,” என்றார் தயாரிப்பாளர் ரூபேந்திரன். ஜொகூர் பாருவில் தொழிலாளர் உரிமை பற்றிப் பேச மேடை கிடைத்தால் விடாத மனிதர். வீட்டுக்குப் போய் ஒரு பெண்ணோடும் கடப்பிதழோடும் திரும்பி வந்தார்.

“இவங்க நடிப்பாங்களா சார்?”

“சொன்னதச் செய்வா.”

அந்தப் பெண் மேசை இழுப்பறையைத் திறந்தாள். கடப்பிதழை எடுத்து, ஒரு பக்கத்தைப் பிரித்து வெகுநேரம் பார்த்தாள். பிறகு நடந்துபோய் டாக்சியில் ஏறினாள்.

“என்னா இயல்பு பாத்தியா!” என்று பூரித்தார் ரூபேந்திரன்.

டானிலோ ‘கட்’ சொன்னார். டாக்சி நிற்காமல் தெருமுனையில் திரும்பியது.

“டாக்சிக்காரனுக்குப் போன் போடும்மா,” என்றார் ரூபேந்திரன்.

“இன்னொரு டேக் வேணாம்னு டைரக்டர் சொல்லிட்டாரு சார்.”

“டேக் இல்லம்மா. அது அவ பாஸ்போர்ட்டு. மூணு வருஷமா நான்தான் பூட்டி வச்சிருந்தேன். இனிமே என் வீட்டுல யாரு சமைப்பா?”

லோஷினி கைபேசியை அணைத்துப் பைக்குள் போட்டாள்.

“சார்ஜ் இல்ல சார்.”