ஃபிரிட்ஜ் கேட்கும் கேள்வி

என் மனைவி வசுமதி அறுவை சிகிச்சை மேற்படிப்புத் தேர்வுக்குப் படிக்க ஆரம்பித்ததிலிருந்து, எங்கள் ஃபிரிட்ஜ் ஒரு கேள்விக்குச் சரியான விடை சொன்னால்தான் திறக்கும். கோச்சிங் சென்டரின் ஏற்பாடு. நான்கு விடைகளையும் கேட்டுவிட்டு அவள் ‘இ’ என்பாள், கதவு திறக்கும். எனக்குக் காந்திபுரத்தில் டைல்ஸ் கடை. ஒரு கரண்டி தயிருக்காக மண்ணீரல், பித்தப்பை எல்லாம் படித்துத் தொலைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை, வலது அடிவயிற்றைப் பிடித்துக்கொண்டு ஃபிரிட்ஜ் முன்னால் உட்கார்ந்துவிட்டேன்.

“வசு, நேத்து தொப்புள்கிட்ட வலிச்சுது. இப்ப இங்க எறங்கிருச்சு. வாந்தி வேற வருது. என்னன்னு பாரு.”

மாதிரித் தேர்வுகளில் மாநிலத்திலேயே முதலாவதாக வந்தவள், என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

“ஆப்ஷன் சொல்லுங்க.”

விளையாட்டில்லை. நிஜமாகவே கேட்டாள். பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னேன்.

“அ, அல்சர். ஆ, அப்பெண்டிக்ஸ். இ, கிட்னில கல்லு. ஈ, உங்கம்மா செஞ்ச கொழுக்கட்டை.”

“ஆ.”

கேள்வியை யார் கேட்டால் என்ன, விடை சரி என்று ஃபிரிட்ஜ் திறந்துகொண்டது. உள்ளே மோர். எனக்கோ நாக்கு வறண்டிருந்தது. கையை நீட்டினேன். வசுமதி கதவைக் காலால் தள்ளிச் சாத்திவிட்டு ஃபோனை எடுத்தாள்.

“ஆபரேசன் பண்ணோணும். அது முடியற வரைக்கும் பச்சத் தண்ணிகூட வாயில வெக்கக் கூடாது” என்றாள், யாரும் கேள்வியே கேட்காமல்.