கட்டின கை

“சொல்லிட்டு வந்துட்டேங்க. இனி அவனுக்கு ஒரே வருஷந்தான் ஆயுசு!”

வாசலிலேயே மரச்செருப்பைக் கழற்றி எறிந்தாள் மாரிவோன். சத்தியத்தின் புனித ஈவ் கோயிலுக்கு நடந்தே போய் நடந்தே வந்திருந்தாள். பதினோரு நாள். பாதமெல்லாம் புண்.

பிரான்ஸின் பிரெஸ்ட் துறைமுகத்து ஏழைகள், வேறு எங்கும் நியாயம் கிடைக்காவிட்டால் கடைசியாகப் போவது அந்தப் புனிதரிடம்தான். தீங்கு செய்தவன் மேல் முறையிட்டால் பன்னிரண்டு மாதத்துக்குள் உடம்பு வற்றிச் செத்துப்போவான். முறையிட்டதைத் திரும்ப வாங்க மட்டும் முடியாது.

அடுப்படியில் அவள் கணவர் ஹெர்வேயும் பீரங்கிக்காரன் பெரிக்கும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். ஹெர்வே கப்பல் கட்டும் தளத்தில் தச்சு மேஸ்திரி. பெரிக், அவர்களுடைய மகன் லோயிக்கோடு ஒரே போர்க்கப்பலில் இருந்தவன். ஆங்கிலேயரிடம் கைதியாகி, போன மாதம்தான் விடுதலையாகி வந்தான். லோயிக் சண்டையிலேயே போய்விட்டான்.

“யார் மேல முறையிட்டே?” என்றார் ஹெர்வே.

“எம்புள்ளயக் கொன்ன அந்த இங்கிலீஷ் கப்பலைக் கட்டினானே, அவன் மேல. பேர் தெரியாது. ‘அதைக் கட்டின கை’ன்னு சொன்னேன். சாமிக்குத் தெரியாதா என்ன?”

ஹெர்வே கையிலிருந்த அப்பத்தைத் தட்டில் வைத்தார்.

“சுட்டவனை விட்டுட்டு, தச்சன் என்னடி பண்ணான்?”

“சுட்டவன் சண்டைக்குன்னே வந்தவன். நம்ம குண்டு அத்தனையும் அதோட விலாவுல பட்டுத் தெறிச்சு விழுந்துச்சுன்னு இதோ இவன்தானே சொன்னான்? ஒரே ஒரு பலகை பொளந்திருந்தா எம்புள்ள இன்னிக்கு இங்க உக்காந்து தின்னுட்டிருப்பான். அப்படி இறுக்கிக் கட்டச் சொல்லி அவனை யார் அழுதா?”

“நான் வாயை வச்சுக்கிட்டுச் சும்மா இருந்திருக்கணும்,” என்று முணுமுணுத்தான் பெரிக்.

மகன் போன நாளிலிருந்து மாரிவோனை நடமாட வைத்திருந்தது அந்தக் கோபம் ஒன்றுதான். அதை யாரும் அவளிடமிருந்து பிடுங்கவும் துணியவில்லை.

“திருப்பி வாங்க ஒரு வழியும் இல்லையா, மாரிவோன்?” என்றார் ஹெர்வே.

“இல்லே. இருந்தாலும் வாங்க மாட்டேன். தச்சனுக்குத் தச்சன் பரிஞ்சுக்கிட்டு வர்றீங்களாக்கும்! நீங்க மேஸ்திரியா நின்னு கட்டின முதல் கப்பல் என்னாச்சு? புதுச்சேரிக்கு ரெண்டு தடவை போச்சு, கியூபெக் போச்சுன்னு ஊரெல்லாம் பீத்திக்கிட்டீங்க. மூணு வருஷத்துக்கு முன்ன புயல்ல முங்கிடுச்சுன்னு வந்து நின்னீங்க. நல்லவங்க கட்டினது முங்குது, அந்தப் பாவி கட்டினது மிதக்குது!”

ஹெர்வே தலையைத் தூக்கவில்லை. அவரைப் பார்க்கப் பெரிக்குக்குப் பாவமாக இருந்தது.

“அம்மா, கோவிச்சுக்காதீங்க. அவனும் புள்ள பெத்தவன்தான்.”

“நீ கண்டியா?”

“எங்களைப் பிடிச்சு அந்தக் கப்பலோட அடித்தட்டுலதானே நாலு நாள் அடைச்சு வச்சிருந்தாங்க. நடுப் பாய்மரத்துக்குப் பக்கத்துல ஒரு உத்தரம். அதுல கைக்குழந்தை ஒண்ணோட உள்ளங்கையைப் பதிய வச்சு, சுத்தி உளியால செதுக்கியிருந்தான். பெத்தவனைத் தவிர வேற யார் அப்படிச் செய்வா? அஞ்சு விரலும் அவ்வளவு அழகு. சுண்டுவிரல் மட்டும் கோணிப்போயிருந்துச்சு, குழந்தை கையை இழுத்திருக்கும்போல. லோயிக் போன துக்கத்துல, அந்தச் சின்னக் கையைத் தடவித் தடவித்தான் நான் நாளைக் கடத்தினேன்.”

மாரிவோன் கணவரைத் திரும்பிப் பார்த்தாள். ஹெர்வே தன் இரண்டு கைகளையும் மேசைக்கு அடியில் இழுத்துக்கொண்டார்.

“நான் கட்டின கப்பல் முங்கலை, மாரிவோன். இங்கிலீஷ்காரன் பிடிச்சுட்டுப் போயிட்டான். உன்கிட்ட சொல்ல எனக்கு வாய் வரலை.”

இருபது வருடத்துக்கு முன்னால், ஹெர்வே உளியோடு குனிந்திருக்க, திமிறிய லோயிக்கின் பிஞ்சுக் கையை அந்த உத்தரத்தின் மேல் அழுத்திப் பிடித்திருந்தவள் அவள்தான். சுண்டுவிரலைத்தான் சரியாகப் பிடிக்கவில்லை.