எழுத்தில்லாத துண்டு

மூவாயிரம் வருடத்துக் களிமண் பலகையிலிருந்து உடைந்த துண்டு ஒன்றின் விலை ஒரு வெள்ளிக்காசு. அதுவும் எழுத்து இருந்தால்தான். இல்லாவிட்டால் ஒன்றுமில்லை, மண்மேட்டில் வீசிவிட்டுப் போகலாம்.

விலை போட்டவர் மண்ணையா. இடிந்த நகரம் ஒன்றைப் பன்னிரண்டு வருடமாகத் தோண்டுகிறவருக்குக் கூலியாட்கள் வைத்த பெயர் அது. கடைவீதியில் பழம்பொருள் வாங்குகிறவன் அரைக்காசு தருவான் என்று விசாரித்துத் தெரிந்துகொண்டு, அதற்கு மேல் ஓர் அரை சேர்த்தார். அன்றிலிருந்து கிடைத்ததெல்லாம் கிடைத்த கையோடு அவர் மேசைக்கு வந்துவிடும்.

படித்த மனிதர்தான். ஆனாலும் விவரமானவர்.

மேசையின் இடது ஓரத்தில், தோண்டுகிற செலவுக்குப் பணம் அனுப்பும் ஆராய்ச்சிச் சங்கத்தார் கொடுத்த தகரப் பணப்பெட்டி. வலது ஓரத்தில் சங்கத்தார் எழுதிய கடிதம். அவர்களுக்கு வேண்டியது கதைகளில் வருகிற அந்தத் தலைநகரம். தேடுகிறேன் என்று சொல்லும்வரை வருடா வருடம் பணம் வரும். இது வேறு ஊர் என்று தெரிந்தால் அன்றோடு சரி.

பணம் நின்றால் மண் சுமக்கிற நாற்பத்து மூன்று பேரின் கூடைகள் கவிழும். அதுகூடப் பரவாயில்லை. ரயில்பாதைக் காண்ட்ராக்டர் மேட்டுக்கு அந்தப் பக்கம் வண்டிகளை நிறுத்தி, பழைய செங்கல்லுக்காக நாக்கைத் தொங்கப்போட்டுக்கொண்டு காத்திருக்கிறார். அவரிடம் விட்டால் இரண்டு மழைக்குள் இங்கே ஒரு சுவர்கூட மிஞ்சாது.

மதியம் கூடைக்காரி வந்தாள். துணியில் முடிந்திருந்ததை அவிழ்த்து மேசைமேல் வைத்தாள். உள்ளங்கை அகலத் துண்டு. மேசை ஆடியது. காகிதத்தை எட்டாக மடித்து நான்காவது காலுக்குக் கொடுத்தும் அடங்காத மேசை.

மண்ணையா துண்டைத் தண்ணீரில் நனைத்தார், தூரிகையால் சேற்றைத் தள்ளினார், வாசல் வழியே வந்த வெயிலுக்குச் சாய்த்துப் பிடித்தார். உதடு அசைந்தது. இன்னொரு தடவை அசைந்தது.

"எழுத்தில்லம்மா."

"எழுத்தில்லையா? அப்ப இது என்னங்க, கோழி கிளறினதா?"

பக்கத்தில் நின்ற மேஸ்திரி அவள் கொழுந்தன். சம்பளம் கொடுக்கிறவருக்கு முன்னால் சொந்தக்காரி வாய் நீள்வது அவனுக்குச் சங்கடம். "அண்ணி, ஐயா கண்ணுக்குத் தெரியாதது உங்க கண்ணுக்குத் தெரிஞ்சிடுச்சாக்கும்? போய்க் கூடையைத் தூக்குங்க."

"நீ சும்மா இரு தம்பி. ஒரு நடை கடைவீதிக்குப் போனா, யார் கண்ணு நல்ல கண்ணுன்னு தெரிஞ்சிடும்."

சொல்லிக்கொண்டே துண்டை எடுக்கப் போனாள். மண்ணையாவின் கை முந்திக்கொண்டது. பன்னிரண்டு வருடத்தில் அவர் ஒரு பொருளை அப்படி அமுக்கிப் பிடித்து மேஸ்திரி பார்த்ததில்லை.

பிறகு அவர் இடுப்புப் பையைத் தளர்த்தி ஒரு வெள்ளிக்காசை எடுத்து வைத்தார்.

கூடைக்காரி காசைப் பார்த்தாள். பூட்டிக் கிடந்த தகரப் பெட்டியைப் பார்த்தாள். அவர் முகத்தைப் பார்த்தாள்.

"எழுத்தில்லாததுக்குக் காசு. அதுவும் சொந்தப் பையிலேருந்து. இப்படி யாவாரம் பண்ணினா வீட்டுல சோறு போடுவாங்களாய்யா?"

காசைக் கடித்துப் பார்த்து, நல்ல காசுதான் என்று தெரிந்ததும் போய்விட்டாள். மேஸ்திரி தலையைச் சொறிந்துகொண்டு பின்னால் போனான்.

மண்ணையா கதவைச் சாத்தினார்.

துண்டில் ஏழு எழுத்துகள் இருந்தன. கடைசி ஒன்று மூளியாகியிருந்தாலும் படிக்க முடிந்தது. நம் பேச்சில் சொன்னால், உப்புவண்டி நிற்குமூர். அவ்வளவுதான். பேரரசன் இல்லை, அரண்மனை இல்லை. வண்டிக்காரர்கள் மாட்டை அவிழ்த்துவிட்டு, விலை பேசி, சண்டை போட்டு, விடிந்ததும் கிளம்பிப் போன ஒரு சந்தை ஊர். எந்தக் கதையிலும் இல்லாத ஊர்.

அவருக்கு அந்த ஊரை ரொம்பப் பிடித்திருந்தது. எந்தத் தெருவில் எந்த வீட்டு அடுப்பு புகைந்தது என்பதுவரை அவருக்குத் தெரியும்.

முட்டி போட்டு உட்கார்ந்து, நான்காவது காலுக்கு அடியிலிருந்த காகிதத்தை உருவிப் போட்டார். துண்டை எழுத்துப் பக்கம் தரையைப் பார்க்க வைத்து, காலை அதன்மேல் இறக்கினார்.

மேசை ஆடவில்லை.

ஆடாதுதான். மற்ற மூன்று கால்களுக்கு அடியிலும் ஒவ்வொரு துண்டு ஏற்கெனவே இருந்தது. முதலாவது வந்தது மூன்றாம் வருடம். மேசை ஆடத் தொடங்கியதும் அந்த வருடம்தான். நான்கிலும் ஒரே பெயர்.

எழுந்து உட்கார்ந்து சங்கத்தாருக்குக் கடிதம் எழுதினார். 'தலைநகரின் வாசலை நெருங்கிவிட்டோம் என்று நம்ப இடமிருக்கிறது.' எழுத்து கோணாமல் வந்தது.

பதிவேட்டில் இன்றைய தேதிக்கு நேரே: களிமண் துண்டு, ஒன்று. எழுத்தில்லை. கொடுத்தது, பூஜ்யம்.

பிறகு யாருக்கும் காட்டாத சின்ன நோட்டை எடுத்தார்.

சொந்தப் பையிலிருந்து போனது: நான்கு வெள்ளி.

வந்தது: இன்னும் ஒரு வருடம், நாற்பத்து மூன்று கூடை, சுவர்கள் எல்லாம்.

ஊருக்குப் பாக்கி: அதன் பெயர்.